பதினேழு வருடம் நின்றுபோயிருந்த படம்

வாசகர் கேள்வி – பதில்

(சென்ற இதழில் ஒரு பதிலுக்கு நடுவே பிரேசில் சினிமாவைப் பற்றி இரண்டு வரி எழுதியிருந்தேன். இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதி அதைப் பற்றித்தான். ஆகவே மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவைத்திருக்கிறேன்.)

கேள்வி: 'ஐ ஆம் ஸ்டில் ஹியர்' படத்தை போனில் பார்த்தேன் டீச்சர். வீட்டுக்கு வந்து அப்பாவைக் கூட்டிக்கொண்டு போகிறார்கள். பிறகு ஒரு தகவலும் இல்லை. எங்கள் வீட்டுக் கதை மாதிரியே இருந்தது. அந்த நாட்டில் இப்படிப் படம் எடுத்தவர்கள் வேறு யார்? ஒரே ஒருவரைச் சொன்னாலும் போதும்.
– வாசகர் ஒருவர், செங்கலடி

தம்பி, ஒரே ஒருவர் என்றால் பிரேசிலின் ஆவணப்பட இயக்குநர் எடுவார்டோ கூட்டின்யோ. கிளவ்பர் ரோச்சா, நெல்சன் பெரேய்ரா டோஸ் சாண்டோஸ் என்று பெரிய பெயர்கள் அங்கே உண்டு. சினிமாப் புத்தகங்கள் அவர்களைத்தான் முதலில் எழுதும். ஆனால் 'எங்கள் வீட்டுக் கதை மாதிரியே' என்று எழுதியிருக்கிறீர்களே, அதற்குரிய ஆள் கூட்டின்யோதான். நீங்கள் பார்த்த படத்திலிருந்து அவரிடம் போக வழியும் கிட்டத்தான். 2025இல் ஒஸ்கார் வாங்கிய அந்தப் படத்தின் இயக்குநர் வால்டர் சாலஸ். அவருடைய தம்பி ஜோவாவ் மொரேய்ரா சாலஸ், கூட்டின்யோவின் கடைசிக் காலப் படங்கள் பலவற்றுக்குத் துணை நின்ற தயாரிப்பாளர். தாயாக நடித்த ஃபெர்னாண்டா டோரஸும் கூட்டின்யோவின் ஒரு படத்தில் இருக்கிறார். அதைப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் அவருடைய பெரிய படம். 'காப்ரா மார்க்காடோ பாரா மொரேர்' என்று பெயர். சாவதற்கென்று குறிவைக்கப்பட்ட மனிதன் என்று சொல்லலாம். ஆங்கிலத்தில் 'ட்வென்டி இயர்ஸ் லேட்டர்' என்று தேடுங்கள்.

பிரேசிலின் வடகிழக்கில் பராய்பா என்று ஒரு மாநிலம். அங்கே சாப்பே என்ற ஊரில் விவசாயிகள் சங்கத்துக்குத் தலைவராக இருந்தவர் ஜோவாவ் பெட்ரோ டெஷேய்ரா. 1962 ஏப்ரல் 2ஆம் திகதி, வீட்டுக்குத் திரும்பும் வழியில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். நிலச்சொந்தக்காரர்கள் ஏவிய கொலை அது. மனைவி எலிசபெத்துக்குப் பதினொரு பிள்ளைகள். அந்த நாட்களில் கூட்டின்யோ மாணவர் சங்கத்தின் கலைக்குழுவோடு ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தார். வயது 28. கொலையைக் கண்டித்து நடந்த கூட்டத்தில் எலிசபெத்தைக் கண்டார். இந்தக் கதையைப் படமாக எடுக்க வேண்டும், அதுவும் அந்தச் சனங்களையே நடிக்க வைத்து எடுக்க வேண்டும் என்று முடிவு செய்தார்.

சாப்பேயில் எடுக்கவே முடியவில்லை. 1964 தொடக்கத்தில் அங்கே கலவரம், பொலிஸ் காவல். ஆகவே பக்கத்து மாநிலமான பெர்னாம்புக்கோவில் கலிலேயா என்ற இடத்துக்குப் போனார்கள். பழைய கரும்புத் தோட்டம் அது. ஹிங்குராணைப் பக்கம் கரும்பு வெட்டப் போன ஆக்கள் உங்கள் குடும்பத்தில் இருந்தால் அந்த வாழ்க்கையை நான் விளக்கத் தேவையில்லை. 1955இல் அங்கே விவசாயிகள் சங்கம் தொடங்கிய காலத்துக் கதை ஒன்றை ஒரு முதியவர் இந்தப் படத்தில் சொல்கிறார். ஏழை செத்தால் நகரசபையின் பெட்டியைத்தான் இரவல் வாங்க வேண்டும். பிணத்தைக் குழிக்குள் இறக்கிவிட்டுப் பெட்டியைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். செத்தவனுக்குச் சொந்தமாக ஒரு பெட்டி வேண்டும் என்ற ஆசையும் அந்தச் சங்கத்துக்குள் இருந்தது. எங்கள் கிராமங்களில் மரண உதவிச் சங்கங்கள் எவ்வளவு கவனமாகக் கணக்குப் புத்தகம் வைத்திருக்கின்றன என்று தெரிந்தவர்களுக்கு அந்த முதியவர் ஏன் அப்படிக் கோபப்படுகிறார் என்று உடனே விளங்கும்.

பெப்ரவரி கடைசியில் படப்பிடிப்பு தொடங்கியது. எலிசபெத் எலிசபெத்தாகவே நடித்தார். ஐந்து வாரம்கூடப் போகவில்லை, நாட்டில் இராணுவம் ஆட்சியைப் பிடித்துவிட்டது. ஏப்ரல் முதலாம் திகதி கலிலேயாவுக்குள் படையினர் வந்தார்கள். கமராவையும் மற்றச் சாமான்களையும் எடுத்துக்கொண்டு போனார்கள். சிலரைப் பிடித்தார்கள், மற்றவர்கள் ஓடினார்கள். கியூபாக்காரர் கெரில்லாப் பயிற்சி கொடுத்த இடம் என்று பத்திரிகைகள் எழுதின. எடுத்த பிலிமில் பெரும்பகுதி கழுவுவதற்காக முன்னரே ரியோவுக்குப் போயிருந்தபடியால் அது மட்டும் தப்பியது. கடைசியாக எடுத்த காட்சி என்ன தெரியுமா? வீட்டுக்குள் விவசாயிகள் இரவில் கூடியிருக்கிறார்கள். எலிசபெத் வாசலைப் பார்த்துவிட்டு, வெளியே ஆக்கள் நிற்கிறார்கள் என்கிறார். கதைக்காக எழுதிய வசனம் அது. அதைப் படமாக்கிய கையோடு உண்மையாகவே ஆட்கள் வந்துவிட்டார்கள்.

எலிசபெத் சில மாதம் சிறையில் இருந்தார். வெளியே வந்ததும் ஒரு மகனை மட்டும் கூட்டிக்கொண்டு, ரியோ கிராண்டே டோ நோர்ட்டே மாநிலத்தில் சாவ் ரஃபாயேல் என்ற சின்ன ஊருக்குப் போய் ஒளிந்துகொண்டார். மார்த்தா மரியா டா கொஸ்தா என்று பெயரை மாற்றினார். உடுப்புத் துவைத்துக் கொடுத்தார், ஊர்ப் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்தார். மற்றப் பிள்ளைகள் உறவினர் வீடுகளில் சிதறிப்போனார்கள். மூத்த மகள், தகப்பனைக் கொன்ற அந்த வருடமே தன் உயிரை மாய்த்துக்கொண்டிருந்தாள்.

1979இல் பொதுமன்னிப்பு வந்தது. 1981இல் கூட்டின்யோ அந்தப் பழைய பிலிமை எடுத்துக்கொண்டு கலிலேயாவுக்குப் போனார். கையில் கதைவசனம் இல்லை. இரவில் திரை கட்டி, அன்று நடித்தவர்களுக்கு அவர்களுடைய பதினேழு வருடத்துக்கு முந்திய முகத்தைக் காட்டினார். பிறகு பத்திரிகையாளராக இருந்த ஒரு மகன் வழியாக எலிசபெத்தின் வீட்டைக் கண்டுபிடித்தார்.

நான் இந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்ப்பது அந்த வீட்டுக் காட்சிகளுக்காகத்தான். முதல் நாள் மகன் பக்கத்தில் இருக்கிறான். பொதுமன்னிப்புத் தந்த ஜனாதிபதிக்கு நன்றி சொல்லுங்கள் என்று தாயைத் தூண்டுகிறான். அவரும் சொல்கிறார். அடுத்து வரும் உரையாடல்களில் குரல் கொஞ்சம் கொஞ்சமாக மாறுகிறது. சிரிக்கிறார், கணவரைப் பற்றிச் சொல்கிறார், தன் சொந்தப் பெயரில் அயலவர்களோடு கதைக்கிறார். கடைசியில், எல்லோரும் விடைபெற்று வாகனத்தில் ஏறும் நேரம், நடுத்தெருவில் நின்றபடி பழைய எலிசபெத்தாகவே பேசத் தொடங்கிவிடுகிறார். போராட்டம் முடியவில்லை, அன்று இருந்த பசிதான் இன்றும் இருக்கிறது என்கிறார். இன்னொருவர் எடுத்திருந்தால் முதல்நாள் பயத்தையும் அந்த நன்றியையும் வெட்டி எறிந்துவிட்டு வீரத்தை மட்டும் வைத்திருப்பார். கூட்டின்யோ பயத்தையும் வைத்தார். பயத்திலிருந்து பேச்சு வரும் வழி முழுவதும் எங்களுக்குத் தெரிகிறது. படம் 1984இல் வெளிவந்தது. சாவ் ரஃபாயேலின் பழைய ஊர் இப்போது அணைக்கட்டுத் தண்ணீருக்கு அடியில். எலிசபெத் 2025இல் நூறு வயதைக் கண்டார்.

கேள்வி: இவர் சினிமாவுக்கு எப்படி வந்தார்? எங்கே படித்தார்?
– ஆசிரியை ஒருவர், தம்பிலுவில்

1933 மே மாதம் சாவ் பாவ்லோவில் பிறந்தவர். சட்டம் படிக்கத் தொடங்கினார், முடிக்கவில்லை. 1950களில் ஒரு தொலைக்காட்சி வினாவிடைப் போட்டியில் சார்லி சாப்ளினைப் பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்லிப் பணம் வென்று, அந்தக் காசில் ஐரோப்பாவுக்குப் போய், பாரிஸில் சினிமாக் கல்லூரியில் படித்தார். பொது அறிவுப் போட்டிக்குப் பிள்ளைகளைப் பழக்குகிற உங்களுக்கு இது பிடிக்கும் டீச்சர்.

1964க்குப் பிறகு கதைப்படங்கள் சில எடுத்தார், மற்றவர்களுக்குத் திரைக்கதை எழுதினார். அந்த நாட்களில் பிரேசிலில் பெரிய வெற்றி பெற்ற 'டோனா ஃப்ளோர்' படத்தின் திரைக்கதையிலும் அவர் பங்கு உண்டு. பத்திரிகையில் பிழைதிருத்தும் வேலையும் பார்த்தார். 1975 தொடக்கம் ஒன்பது வருடமளவில் குளோபோ தொலைக்காட்சியின் செய்திப்பட நிகழ்ச்சியில் வேலை. சனங்களோடு கதைப்பதை அங்கேதான் பழகினார் என்று நினைக்கிறேன். வயிற்றுப்பாட்டுக்குப் பார்த்த அந்த வேலையின் விடுமுறைகளையும் சேர்த்துத்தான் நின்றுபோன படத்தை முடித்தார். பெயர் சொல்லும்படியான படங்களில் அநேகம் அறுபது வயதைத் தாண்டிய பிறகு எடுத்தவை. ஓய்வுபெற்ற பிறகு என்ன செய்வது என்று எனக்கு எழுதுகிற டீச்சர்மார் இதைக் கவனிக்க வேண்டும்.

கேள்வி: பார்சிலோனாவுக்கு விளையாடிய கூட்டின்யோவுக்கு இவர் சொந்தமா?
– பாடசாலை மாணவன், கல்முனை

இல்லை மகன். அங்கே பலருக்கு உள்ள குடும்பப் பெயர் அது.

கேள்வி: எங்கள் அம்மம்மாவுக்கு எண்பத்தைந்து வயது. புயல், இடம்பெயர்வு, கடல் வந்தது எல்லாம் கண்டவர். அவரை போனில் வீடியோ எடுத்து வைக்க விரும்புகிறேன். கமராவைக் கண்டதும் 'என்ன சொல்ற, ஒண்டுமில்ல' என்று வாயை மூடிவிடுகிறார். கூட்டின்யோ என்ன செய்தார்?
– வாசகி ஒருவர், மண்டூர்

மகள், இந்தக் கேள்விக்குத்தான் இந்த மாதம் ஆசைப்பட்டுப் பதில் எழுதுகிறேன்.

கூட்டின்யோவுக்குச் சில கட்டுப்பாடுகள் உண்டு. தானே தனக்குப் போட்டுக்கொண்டவை. ஒரு படத்துக்கு ஒரு இடம். வெளியே போவதில்லை. பின்னணி இசை இல்லை. அறிவிப்பாளர் குரல் இல்லை. ஒருவர் புயலைப் பற்றிச் சொன்னால் புயலின் படத்தைக் கொண்டுவந்து ஒட்டுவதில்லை. சொல்லுகிற முகம் மட்டுமே. இன்னொன்று மிகவும் முக்கியம்: கமராவுக்கு முன்னால்தான் அவர் அந்த ஆளை முதன்முதலாகச் சந்திப்பார். முன்னாயத்தமாகக் கதைத்துப் பார்ப்பது உதவியாளர்களின் வேலை. ஒருவர் தன் கதையை முதல்முறை சொல்லும்போது உள்ள உயிர், 'அண்டைக்குச் சொன்னதத் திரும்பச் சொல்லுங்க' என்று கேட்டால் வராது. இது எனக்குக் கண்கூடு.

'எடிஃபீசியோ மாஸ்டர்' (2002) என்ற படத்தைப் பாருங்கள். ரியோவில் கொபகபானா கடற்கரைக்குக் கிட்ட ஒரு தொடர்மாடி. பன்னிரண்டு மாடி, 276 சிறிய வீடுகள், ஐந்நூறு பேரளவில் சனம். படக்குழு அங்கேயே ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்து இருந்துகொண்டு, கதவு கதவாகத் தட்டியது. அந்தக் கட்டடத்தில் சட்டம் ஒழுங்கைக் கொண்டுவந்த நிர்வாகி, முதலில் பியாஜேயைப் பாவிப்பேன், சரிவராவிட்டால் பினோசேயைப் பாவிப்பேன் என்கிறார். பயிற்சிக் கலாசாலையில் குழந்தை உளவியலாளர் பியாஜேயைப் பாடமாக்கிய எங்களைப் போன்றவர்களுக்கு அது சிரிப்பு. சிலி நாட்டுச் சர்வாதிகாரியின் பெயர் அடுத்து வரும்போது சிரிப்பு நின்றுவிடும். ஒரு பெண்பிள்ளைக்கு ஆட்களின் முகத்தைப் பார்க்கப் பயம். பேட்டி முழுவதும் பக்கவாட்டில் பார்த்தபடியே கதைக்கிறாள். கூட்டின்யோ 'இங்கே பாருங்கள்' என்று கட்டாயப்படுத்தவில்லை. ஏன் பார்க்கவில்லை என்று மெல்லக் கேட்டார், அவள் சொன்னாள். தனியே வாழும் ஒரு முதியவர் ஃபிராங்க் சினாட்ராவின் பாட்டைப் போட்டு, கூடவே உரத்துப் பாடுகிறார். இப்படி முப்பதுக்கு மேற்பட்ட ஆட்கள். ஒருவரும் பெரிய மனிதர் இல்லை. யாரையும் அவர் இரக்கத்துக்குரிய ஆளாகக் காட்டவும் இல்லை.

அவர் கருத்துக் கேட்பதில்லை என்பதையும் கவனியுங்கள். 'யுத்தத்தைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள்?' என்று அம்மம்மாவிடம் கேட்டால் 'ஒண்டுமில்ல' என்றுதான் சொல்வார். நூறு பேர் வந்து கேட்டுவிட்டுப் போன கேள்வி அது. நான் படுவான்கரையில் ஒரு மூதாட்டியிடம் 1978 நவம்பர் புயலைப் பற்றிக் கேட்கப் போனேன். அவர் தன்னுடைய பசு மாட்டைப் பற்றியே சொன்னார். அதன் நிறம், எத்தனை போத்தல் பால், எந்த வேலியைப் பிய்த்துக்கொண்டு போகும் என்று. நான் இடைமறிக்கவில்லை. மாட்டை அவிழ்த்துவிட வெளியே வந்த நேரத்தில் கூரை போனது என்று தானாகவே வந்து சேர்ந்தார். மறுகா, அந்தக் கூரைக்குக் கீழே யார் யார் படுத்திருந்தார்கள் என்று சொல்லத் தொடங்கினார். பொழுதுபடும் வரை நிறுத்தவில்லை. புயலென்று கேட்டிருந்தால் ஒரு வரியோடு முடிந்திருக்கும்.

ஆகவே அம்மம்மாவிடம் அடுப்பைப் பற்றிக் கேளுங்கள். முதல் முதலாக வாங்கின சீலையை, அவர் பார்த்த கூத்தில் யார் தருமராக ஆடினார் என்பதைக் கேளுங்கள். போனை ஒரு பெட்டியில் சாய்த்து வைத்துவிட்டு, அதற்குப் பக்கத்தில், கையெட்டும் தூரத்தில் நீங்கள் இருங்கள். அவர் உங்களைப் பார்த்துத்தான் கதைக்க வேண்டும், போனைப் பார்த்து அல்ல. அவர் பேசாமல் இருந்தால் நீங்களும் பேசாமல் இருங்கள். அடுத்த கேள்வியைப் போட்டு அந்த இடத்தை நிரப்பாதீர்கள். சொல்ல விருப்பமில்லை என்று சொன்னதை விட்டுவிடுங்கள். எடுத்து முடிந்ததும் அவருக்கே போட்டுக் காட்டுங்கள்.

அவர் சொல்வது உண்மைதானா என்று சிலர் கேட்பார்கள். அதற்கும் கூட்டின்யோவிடம் ஒரு படம் இருக்கிறது: 'ஜோகோ டி சேனா' (2007). சொல்வதற்குக் கதை உள்ள பெண்கள் வரலாம் என்று ரியோவில் பத்திரிகை விளம்பரம் கொடுத்தார். 83 பேர் வந்தார்கள். தெரிவு செய்த 23 பேரைக் காலியான ஒரு நாடக அரங்கின் மேடையில் இருத்தி, ஆட்களில்லாத கதிரைகளைப் பின்னால் வைத்துக்கொண்டு கதைக்க விட்டார். பிள்ளையைப் பறிகொடுத்த தாய்மார், புருசன் விட்டுப்போனவர்கள். சில மாதம் கழித்து, அதே மேடையில் அதே கதைகளை நடிகைகளைக் கொண்டு சொல்ல வைத்தார். மரீலியா பேரா, அந்திரேயா பெல்ட்ராவ், நான் முன்னர் சொன்ன ஃபெர்னாண்டா டோரஸ் மூவரும் எல்லோருக்கும் தெரிந்த முகங்கள். தெரியாத முகமுள்ள நடிகைகளையும் இடையில் கலந்துவிட்டார். யாருடைய துக்கம் சொந்தம், யாருடையது வாங்கியது என்று எங்களால் பிரிக்க முடியாமல் போகிறது. அதில் டோரஸ் நடுவில் நின்றுவிடுகிறார். அந்தப் பெண் சொன்னதைத் தன்னால் சொல்ல முடியவில்லை என்று திணறுகிறார். அவ்வளவு தேர்ந்த நடிகை திணறுவதைப் பார்த்த பிறகு, சாதாரண மனுசி ஒருத்தி தன் கதையைச் சொல்லிமுடிப்பது எவ்வளவு பெரிய காரியம் என்று எனக்கு இன்னும் கூடுதலாக விளங்கியது.

கேள்வி: எங்கள் பக்கமும் இழப்பு இருக்கிறது, உங்கள் பக்கமும் இருக்கிறது. அநியாயம் செய்தவனுக்கும் கமராவைக் கொடுக்க வேண்டுமா?
– சகோதரர் ஒருவர், சம்மாந்துறை

முதலில், இரண்டு பக்கத்துக் கதையும் பதியப்பட வேண்டும். தமிழ்ப் பிள்ளை முஸ்லிம் வீட்டிலும், முஸ்லிம் பிள்ளை தமிழ் வீட்டிலும் போய் இருந்து கேட்டால் எனக்கு இன்னும் சந்தோசம்.

உங்கள் கேள்விக்கு, 1978இல் கூட்டின்யோ தொலைக்காட்சிக்காக எடுத்த 'தியோடொரிக்கோ' என்ற படத்தைச் சொல்லலாம். வடகிழக்கில் ஒரு பெரிய நிலச்சொந்தக்காரர். எங்கள் மொழியில் போடியார். பழைய அரசியல்வாதியும்கூட. படம் முழுவதும் அவரையே சொல்லவிட்டார். தன் ஆட்களைத் தானே பேட்டி எடுக்கவும் விட்டார். போடியார் கேட்கிறார், எதிரே நிற்கும் கூலியாள் பதில் சொல்கிறான். அந்தப் பதில் வரும் விதத்திலேயே அங்கே யார் யாருக்குப் பயம் என்று முழுவதும் தெரிந்துவிடுகிறது. கெட்டவர் என்று ஒரு வார்த்தை இல்லை. இராணுவ ஆட்சிக் காலத்தில் இதைத் தொலைக்காட்சியில் போட முடிந்ததற்கும் அதுதான் காரணம் என்று நினைக்கிறேன். கமராவைக் கொடுப்பதால் ஒருவனுக்கு மன்னிப்புக் கொடுத்ததாக ஆகாது. ஆனால் பாதிக்கப்பட்டவர் பக்கத்தில் இருக்கும்போது அவனைக் கொண்டுவந்து இருத்தக் கூடாது. அதில் நான் உறுதி.

கேள்வி: சாமி, பேய் நம்பிக்கையைப் பற்றியும் படம் எடுத்திருக்கிறாராமே?
– வாசகர் ஒருவர், களுவாஞ்சிக்குடி

ஆம், 'சாண்டோ ஃபோர்டே' (1999). ரியோவின் குடிசைப் பகுதி ஒன்றில் எடுத்தது. 1997இல் பாப்பரசர் ரியோவுக்கு வந்து பூசை வைத்த நாட்களில் தொடங்குகிறது. கத்தோலிக்கராக இருந்துகொண்டே ஆவிகளோடு கதைப்பவர்கள், தெய்வம் ஏறி ஆடுபவர்கள். கூட்டின்யோவுக்கு அதில் நம்பிக்கை இல்லை. இருந்தும் ஒருவரையும் மடக்கவில்லை. ஆவி வந்து நின்றதாக ஒரு பெண் சொன்னதும், வெறும் அறையை மட்டும் காட்டுவார். கண்ணகி அம்மன் குளுத்தியில் தெய்வமாடுபவர்களை விரட்டி விரட்டி வீடியோ எடுக்கும் எங்கள் பெடியன்கள் இதைப் பார்க்க வேண்டும். கதைத்தவர்களுக்குக் காசு கொடுப்பதையும் அவர் படத்துக்குள்ளேயே காட்டிவிடுகிறார். எங்களிடம் வந்து கதை எடுத்துக்கொண்டு போனவர்கள் எத்தனை பேர் அப்படி வெளிப்படையாக இருந்தார்கள்?

கேள்வி: மகனே அவரைக் கொன்றுவிட்டான் என்று வாசித்தேன். உண்மையா?
– வாசகி ஒருவர், வாழைச்சேனை

உண்மை. 2014 பெப்ரவரி 2ஆம் திகதி, ரியோவில் அவருடைய வீட்டில். வயது 80. மகன் மனநோயாளி. மனைவியும் காயப்பட்டார். இதை வைத்துப் பரபரப்பாக எழுதியவற்றை வாசிக்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். மனநோய் உள்ள பிள்ளையைப் பல வருடம் வீட்டில் வைத்துப் பார்த்த பெற்றோரின் வீடு அது. எங்கள் ஊரிலும் அப்படி வீடுகள் உண்டு. வெளியே சொன்னால் சனம் என்ன சொல்லும் என்று கதவைச் சாத்திக்கொண்டு தனியே சுமக்கிறார்கள். ஆஸ்பத்திரியில் மனநலப் பிரிவு இருக்கிறது. மருந்தும் இருக்கிறது. கிளினிக்குக்குப் போவதில் ஒரு குறையும் இல்லை.

பதின்ம வயது மாணவர்களோடு கதைத்து எடுத்த அவருடைய கடைசிப் படத்தை, நீண்டகாலம் அவரோடு வேலை செய்த படத்தொகுப்பாளர் ஜோர்தானா பெர்க்கும் ஜோவாவ் சாலஸும் முடித்து 2015இல் வெளியிட்டார்கள்.

கேள்வி: எங்கள் வாசிகசாலையில் மாதம் ஒரு படம் போடுகிறோம். எதை முதலில் போடலாம்? இங்கிலிஸ் சப்டைட்டிலை வாசிக்க முடியாதவர்களும் வருவார்கள்.
– இளைஞர் கழகத்தினர், திருக்கோவில்

'ஆஸ் கன்சோயிஸ்' (2011) போடுங்கள். வேறெதுவும் இல்லை, ஒரு மேடை, ஒரு கதிரை. ஒவ்வொருவராக வந்து, தங்கள் வாழ்க்கையில் மறக்க முடியாத பாட்டைப் பக்கவாத்தியம் இல்லாமல் பாடிவிட்டு, ஏன் அந்தப் பாட்டு என்று சொல்கிறார்கள். தாலாட்டும் ஒப்பாரியும் கூத்துப்பாட்டும் கேட்டு வளர்ந்த சனத்துக்கு அதில் நுழைய மொழி பெரிய தடை இல்லை. முடிந்ததும் வந்தவர்களையும் ஒரு பாட்டுப் பாடச் சொல்லுங்கள்.

இரண்டாவது மாதம் 'எடிஃபீசியோ மாஸ்டர்'. எலிசபெத்தின் படத்தை அதன் பிறகு. அது இரண்டு மணித்தியாலம் ஓடும், ஊர்ப் பெயர்களும் ஆட்பெயர்களும் அதிகம். தொடங்குமுன் ஒருவர் கதைச்சுருக்கம் சொல்ல வேண்டும், ஓடும்போது ஒருவர் பக்கத்தில் நின்று தமிழில் வாசிக்க வேண்டும். அந்தப் படத்துக்குத் திகதி குறித்தால் முன்கூட்டியே எனக்கு எழுதுங்கள். வாசிக்க நான் வருகிறேன்.